மாளிகையும் வாசற்படியும்

கல்லுக்கு வாயில்லை என்பார்கள். கட்டடத்துக்கு உண்டு. அரண்மனை ஆணவம் பேசும். சிறைச்சாலை அச்சம் பேசும். வானளாவும் கோபுரம், தன் நிழலில் யார் நிற்கலாம், யார் நிற்கலாகாது என்ற பழைய கணக்கைப் பேசும். ஒரு நாடு, மற்றொரு நாட்டின் தலைநகரில் எழுப்பும் தூதரக மாளிகையோ எண்ணி எண்ணிப் பேசும். பேசுவது அயலாரிடமல்லவா! "எம் பழம்பெருமை பாரீர், எம் கலை பாரீர், எம் செல்வம் பாரீர்" என்று வழிப்போக்கரை அழைக்கும். நன்று. அயலாரிடம் அவ்வளவு பேசும் மாளிகை, அதற்குக் காசு கொடுத்த சொந்த மக்களிடம் என்ன பேசுகிறது? உள்ளே வா என்கிறதா, ஒதுங்கி நில் என்கிறதா? அந்தக் கேள்வியைத்தான் இங்கே எழுப்ப விரும்புகிறேன்.

பெண்ணாடத்துப் பள்ளி ஆசிரியனுக்கும் இலண்டன் மாநகரத்து மாளிகைக்கும் என்ன உறவு என்று தோழர்கள் கேட்கக்கூடும். முறையான கேள்வி. வெள்ளாற்றுக்கு அருகே, கரும்பும் நெல்லும் விளையும் ஊர் எங்கள் ஊர். அண்டையில் முதுகுன்றம் என்னும் விருத்தாசலம். களிமண்ணை அச்சில் வார்த்து, சூளையில் சுட்டு, பீங்கான் பொருளாக்கி ஊர் ஊராக அனுப்பும் இடம். பெண்ணாடத்தில் இரயிலேறினால் ஒரு திசையில் சென்னை, மறு திசையில் திருச்சி. அங்கிருந்து விமானம், சிங்கப்பூர், மலேசியா, வளைகுடா. பொருளீட்டப் பிள்ளையைக் கடல் கடந்து அனுப்பாத தெருவை எங்கள் பக்கத்தில் தேடித்தான் பிடிக்கவேண்டும். பீங்கான் பொம்மைக்கு வைக்கோல் சுற்றி, உடையாமல் போய்ச் சேரட்டும் என்று பெட்டியில் அடுக்குகிறோம். மனிதனை அனுப்பும்போது மட்டும் வைக்கோல்கூட வைப்பதில்லை.

ஒன்பதாம் வகுப்பில் அயலுறவு பற்றிய பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். "தூதரகம் என்பது அயல்நாட்டிலே நம் வீடு போன்றது" என்றேன். கடைசி வரிசையிலிருந்து ஒரு சிறுமி எழுந்தாள். "நம்ம வீடுன்னா, யாரு வேணும்னாலும் உள்ள போகலாமா சார்?" என்று கேட்டாள். போகலாம் என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டு அடுத்த பத்திக்குப் போயிருக்கலாம், மனம் வரவில்லை. அந்த வீட்டின் கதையைப் படித்துவந்து சொல்கிறேன் என்றேன். படித்தேன், அவளுக்குச் சொன்னேன். அதையே உங்கள்முன் வைக்கிறேன்.

இலண்டனில் ஆல்டுவிச் என்றொரு வீதி. பிறைபோல வளைந்து ஸ்டிராண்டுப் பெருஞ்சாலையில் வந்து கூடும் வீதி. அங்கே போர்ட்லண்டு வெண்கல்லால் எழுந்து நிற்கிறது 'இந்தியா ஹவுஸ்' என்னும் இந்திய இல்லம். அதன் பக்கத்து மாளிகை புஷ் ஹவுஸ். பிபிசி உலகச் சேவை 2012ஆம் ஆண்டுவரை அங்கிருந்துதான் இயங்கியது. தமிழோசை என்ற பெயரில் நம் மொழி பல்லாண்டு அங்கிருந்து காற்றிலேறி நம் ஊர்த் திண்ணைகளுக்கு வந்தது.

இந்திய இல்லம் பிறந்த கதை 1919ஆம் ஆண்டு அரசியல் சீர்திருத்தச் சட்டத்தில் தொடங்குகிறது. அதுவரை இந்தியாவைப் பற்றிய இலண்டன் அலுவல் யாவும், இந்தியாவை ஆள்வதற்கென்றே அமைந்த ஆங்கில அமைச்சரின் அலுவலகத்தில் நடந்தன. சீர்திருத்தத்துக்குப் பின் 1920இல் 'இந்தியாவுக்கான உயர் ஆணையர்' என்ற புதுப் பதவி வந்தது. இரயில் தளவாடம் வாங்குவது, வணிகம் கவனிப்பது, இந்திய மாணவர் நலம் பார்ப்பது இவை அவர் பணி. சம்பளமும் செலவும் இந்திய வருவாயிலிருந்து. அப்பதவியில் முதன்முதல் அமர்ந்தவர் யார் தெரியுமா? சர் வில்லியம் மேயர் என்னும் ஆங்கிலேயர்! இந்தியாவின் சார்பில் இங்கிலாந்திலே பேச ஓர் ஆங்கிலேயர். கூலி மட்டும் இந்தியனின் வரிப்பணம். வழக்காடுபவனும் எதிர்வழக்காடுபவனும் ஒரே குடும்பத்தார் என்றால் தீர்ப்பு எப்படியிருக்கும் என்று எந்த ஊர்ப் பஞ்சாயத்தும் சொல்லும்.

1925இல் சர் அதுல் சந்திர சாட்டர்ஜி உயர் ஆணையராக வந்தார். வாடகை மனையில் இருப்பது தகுதியன்று, தனி மாளிகை வேண்டும் என்ற திட்டம் அவர் காலத்தில் உருவாயிற்று. கட்டும் பொறுப்பு சர் ஹெர்பர்ட் பேக்கரிடம் போயிற்று. புதுதில்லியின் தலைமைச் செயலகக் கட்டடங்களை எழுப்பியவர் அவரே. பாராளுமன்றக் கட்டடத்திலும் அவர் கை உண்டு. இலண்டனில் கட்டியபோது, வெளிப்புறத்தை அந்நகரத்துத் தோற்றத்துக்கு ஏற்ப அமைத்து, இந்திய மாகாணங்களின் சின்னங்களை வண்ணமாக அதிலே பதித்தார். உட்புறத்தில் செந்நிறக் கல்லில் சாளர வேலைப்பாடு. சுவரோவியம் தீட்ட வங்கத்து மரபில் பயின்ற நால்வர்: இரணதா உகில், சுதாங்சு சேகர் சௌதுரி, லலித் மோகன் சென், தீரேந்திர கிருஷ்ண தேவ் வர்மன். இலண்டன் அரச கலைக் கல்லூரியில் வில்லியம் ரோதென்ஸ்டைனிடம் பயிற்சி பெற்று, இத்தாலியின் பழஞ்சுவரோவியங்களையும் கண்டுவந்து, மண்டபத்திலும் குவிமாடத்திலும் இந்தியப் பழங்காட்சிகளைத் தீட்டினார்கள். கலை வல்லார் நால்வரின் உழைப்பு அது. அதைக் குறைகூற எனக்கு வாயில்லை.

1930ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 8ஆம் நாள், மன்னர் ஐந்தாம் ஜார்ஜ் வந்து மாளிகையைத் திறந்துவைத்தார். அந்த நாளைக் கருதிப் பாருங்கள், தோழர்களே! இந்திய இல்லம் இலண்டனில் திறக்கப்படுகிறது. இந்தியாவிலே சிறைக்கதவு திறந்து திறந்து மூடுகிறது. உப்புக் காய்ச்சிய குற்றத்துக்காக ஆயிரமாயிரம் பேர் உள்ளே. அந்த ஏப்ரலில்தான் திருச்சியிலிருந்து வேதாரணியம்வரை நடந்தே சென்றது ஒரு படை. மே 5ஆம் நாள் காந்தியார் கைதானார். உப்பெடுக்க உரிமையற்ற மக்களின் பெயரால், உலகின் விலைமதிப்பு மிக்க வீதியொன்றில் மாளிகை! மன்னர் திறந்தது கட்டடத்தின் கதவை. மக்கள் தட்டிக்கொண்டிருந்ததோ வேறு கதவு.

நான்கு திங்கள் கழிந்தன. நவம்பர் 12ஆம் நாள், அதே இலண்டனில் முதல் வட்டமேசை மாநாடு தொடங்கிற்று. அரசர்களும் சீமான்களும் சட்ட வல்லுநரும் அமர்ந்த அந்த அவையில், தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்ட கோடிக்கணக்கான மக்களின் சார்பில் இருவர் அமர்ந்தனர். ஒருவர் அண்ணல் அம்பேத்கர். மற்றவர் நம் தமிழ்நாட்டு இரட்டைமலை சீனிவாசன். ஊர்க் கிணற்றில் நீர் மொள்ள முடியாத மக்களின் குரல், உலகப் பேரரசின் தலைநகரில் ஒலித்தது. மாகாணச் சின்னங்கள் பதித்த சுவரைவிட அவ்விருவரின் நாக்கு இந்தியாவை நன்கு காட்டியது என்பேன். சின்னத்துக்கு மாகாணம் தெரியும், சேரி தெரியாது.

மாளிகை எழுப்பிய பேக்கரின் கை, அதற்கு முன்பே வேறோரிடத்தில் தமிழன் வாழ்வின் பக்கமாகச் சென்றிருக்கிறது. தென்னாப்பிரிக்கத் தலைநகர் பிரிட்டோரியாவில், குன்றின்மேல் ஓங்கி நிற்கும் யூனியன் கட்டடங்களும் அவர் வகுத்தவையே. அவை நிறைவுற்றது 1913இல். அதே 1913இல், அதே நாட்டில், ஒப்பந்தக் காலம் முடிந்த கூலிகள்மீது சுமத்தப்பட்ட மூன்று பவுன் வரியை எதிர்த்துத் தமிழ்த் தொழிலாளர் நிலக்கரிச் சுரங்கங்களை விட்டு வெளியேறி, பெண்டு பிள்ளைகளோடு நடந்தார்கள். சிறை சென்று நோயோடு மீண்ட தில்லையாடி வள்ளியம்மை 1914 பிப்ரவரி 22இல் இறந்தபோது வயது பதினாறு. குன்றின்மேல் மாளிகை, குன்றின்கீழ் மண்ணுக்குள் ஒரு சிறுமி. மாளிகையின் வரலாற்றை எழுதுவோர் தூணின் உயரத்தை அளந்து எழுதுகிறார்கள். அந்தத் தூணைக் கண்டு யார் அஞ்சி ஒதுங்கினார்கள் என்பதையும் சேர்த்தெழுதினால்தான் அது முழு வரலாறாகும்.

ஆல்டுவிச் மாளிகைக்கு முன்னரே, இலண்டனில் இன்னோர் இந்திய இல்லம் இருந்தது. அதைக் கட்டியது அரசன்று. ஷியாம்ஜி கிருஷ்ணவர்மா என்னும் செல்வர், ஹைகேட் பகுதியில் குரோம்வெல் அவென்யூ 65ஆம் எண் வீட்டை வாங்கி, இந்திய மாணவர்கள் தங்குவதற்கென 1905 ஜூலைத் திங்களில் திறந்தார். பெயர் அதே 'இந்தியா ஹவுஸ்'. ஆங்கிலேயர் விடுதிகள் பல இந்தியருக்கு இடம் தர மறுத்த காலம் அது. அங்கே பல மாகாணத்து இளைஞர் ஒரே கூரையின்கீழ்ப் படுத்தனர். விடுதலை குறித்து வாதிட்டனர். திருச்சி வரகனேரியிலிருந்து சட்டம் பயிலச் சென்ற வ.வே.சு. அய்யர் அவர்களுள் ஒருவர். 1909இல் கர்சன் வில்லி சுடப்பட்டபின் ஒற்றர் கண் அவ்வீட்டின்மேல் இறுகியது. 1910க்குள் அது மூடப்பட்டது.

அய்யரின் தியாகத்தைக் குறைத்துப் பேசுவதற்காக இதை எழுதவில்லை. அவர் ஒளிந்து திரிந்ததும், புதுச்சேரியில் வருந்தியதும், தமிழ்ச் சிறுகதைக்கு வழி சமைத்ததும், 1925இல் பாவநாசம் அருவியில் மகளைக் காக்கப் பாய்ந்து உயிர் துறந்ததும் அனைவரும் அறிந்தவை. ஆயினும் ஒன்றைச் சொல்லாமல் விடுவதற்கில்லை. இலண்டனில் ஒரு கூரையின்கீழ் அனைவரோடும் வாழ்ந்த அவர், தாயகத்திலே சேரன்மாதேவியில் நடத்திய குருகுலத்தில், பார்ப்பன மாணவர் இருவர்க்குத் தனியே உணவு படைக்கப்பட்டது. பொதுமக்கள் நிதியில் நடக்கும் பள்ளியில் இரண்டு பந்தியா என்று தமிழ்நாடெங்கும் எதிர்ப்பு எழுந்தது. அன்று காங்கிரசில் பொறுப்பிலிருந்த பெரியாரும், வரதராசுலு நாயுடுவும் எழுப்பிய அந்தக் கேள்வி, பின்னாள் அரசியலையே திருப்பிவிட்ட கேள்வி.

இதில் பாடம் யாது? இல்லம் என்று பெயர் வைப்பது எளிது. கூரை போடுவதும் எளிது. பந்தியில் யாரை யாருக்குப் பக்கத்தில் உட்கார வைக்கிறாய் என்பதிலேதான் இல்லத்தின் உண்மை இருக்கிறது. வெள்ளையன் கதவை மூடியபோது நம்மவர் அனைவரும் ஒன்றானோம். வெள்ளையன் இல்லாத இடத்தில் நாமே ஒரு கதவு செய்து மாட்டிக்கொண்டோம்.

மீண்டும் ஆல்டுவிச்சுக்கு வருவோம். 1943இல் அம்மாளிகையின் தலைமை நாற்காலியில் ஒரு தமிழர் அமர்ந்தார். சர் சாமுவேல் அரங்கநாதன் அவர் பெயர். 1929இல் சிதம்பரத்தில் தோன்றிய அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தர். நான் கலைப் பட்டம் பெற்றது அந்தப் பல்கலைக்கழகத்திலேதான். அங்கே மர நிழலில் பாடம் படித்த நாட்களில், இதன் முதல் துணைவேந்தர் இலண்டனில் இந்தியாவின் உயர் ஆணையராக 1947வரை வீற்றிருந்தார் என்பது எனக்குத் தெரியாது. அண்மையில் படித்தபோது நெஞ்சு நிமிர்ந்தது. எங்கள் மாவட்டத்துக் கல்விக்கூடத்தில் பணிபுரிந்தவர் அந்த மாளிகையில்! பிறகு எண்ணிப் பார்த்தேன். அவர் அமர்ந்ததால் கடல் கடந்த தமிழ்க் கூலிக்கு அக்கதவு திறந்ததா? திறக்க அவருக்கு அதிகாரம் தரப்பட்டதா? தரப்படவில்லை. ஆளும் நாட்டின் தலைநகரில், ஆளப்படும் நாட்டின் அலுவலர் அவர். நம்மவர் ஒருவர் நாற்காலியில் இருப்பது வேறு. நம் மக்கள் நடந்து உள்ளே போவது வேறு. முதலாவதைக் கண்டு மகிழ்ந்து, இரண்டாவதை மறந்துவிடுவது நம்மிடையே இன்றும் உள்ள நோய்.

அந்நாளில் கடல் கடந்த தமிழரில் இலண்டன் சென்றோர் ஒரு பிடி. இலங்கைக்கும் மலேயாவுக்கும் சென்றோர் ஒரு கடல். அவர்களுக்கு மாளிகை ஏது? 1922ஆம் ஆண்டுக் குடிபெயர்வுச் சட்டத்தின்படி, இந்திய அரசின் 'ஏஜெண்டு' ஒருவர் இலங்கையில் கண்டியிலும், மற்றொருவர் மலேயாவில் கோலாலம்பூரிலும் அமர்த்தப்பட்டனர். தோட்டக் கூலிகளின் குறை கேட்பது அவர் வேலை. இலட்சக்கணக்கானவர்க்கு ஓர் அலுவலகம்! இலண்டன் சுவரிலே மாகாணத்துக்கு ஒரு வண்ணச் சின்னம் பதித்தார்கள். இலங்கைத் தோட்டத்துக்குச் சென்ற தொழிலாளிக்கும் ஒரு சின்னம் கொடுத்தார்கள்: தோட்டத்தின் குறியும் எண்ணும் பொறித்த சிறு தகரச் சீட்டு. எந்தத் தோட்டத்துச் சரக்கு என்று மண்டபம் முதல் மலைநாடுவரை எவரும் பார்த்தறியும்படி. மாளிகையில் பதித்தது மாகாணத்தின் பெருமை. மனிதனுக்குக் கொடுத்தது உடைமையின் அடையாளம்.

1948இல் இலங்கை இயற்றிய குடியுரிமைச் சட்டம் அந்தத் தொழிலாளரை நாடற்றவராக்கியது. 1964 அக்டோபர் 30இல் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, எஞ்சிய 1,50,000 பேர் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று பங்கிட்டார்கள். 1974இல் அந்த எஞ்சியவர்களையும் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். களத்து மேட்டில் நெல் பங்கிடும்போதுகூட நெல்லைக் கேட்பதில்லை. மனிதரையும் கேட்கவில்லை.

அப்படிப் பங்கிடப்பட்டவர்களுள் ஒருவர் என் பாட்டனாரின் தம்பி. கண்டியில் வழங்கப்பட்ட இந்தியக் கடவுச்சீட்டோடு தலைமன்னாரில் கப்பலேறி, இராமேசுவரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் தங்கி எங்களூர் வந்து சேர்ந்தார். அந்தக் கடவுச்சீட்டு இன்றும் எங்கள் வீட்டு இரும்புப் பெட்டியில் இருக்கிறது. அதை வாங்கப் போன நாளைப்பற்றி அவர் சொன்னதைச் சிறுவயதில் கேட்டிருக்கிறேன். "ஆபீசு வாசல்லயே செருப்பக் கழட்டி விட்டுட்டுத்தான்டா உள்ள போனேன்" என்றார். கழற்றச் சொன்னது யார் என்று கேட்டேன். சிறிது நேரம் பேசாமலிருந்தார். "யாரும் சொல்லல. தொரை பங்களாவுக்குப் போனா கழட்டுவோம். கோயிலுக்குப் போனா கழட்டுவோம். அப்புடியே பழகிப்போச்சு" என்றார்.

யாரும் சொல்லவில்லை! தோழர்களே, நூற்றாண்டு நூற்றாண்டாகச் சொல்லிச் சொல்லி, இனிச் சொல்லவே தேவையில்லை என்ற நிலைக்கு ஒரு மனிதனைக் கொண்டுவந்துவிட்டார்கள். காவலாளி வெளியே நிற்கவில்லை. அவனுடைய நெஞ்சுக்குள்ளேயே நிற்கிறான். அதற்குப் பெயர் வாசற்படி அச்சம். வைக்கத்துத் தெருவில் தடைப்பலகை வைத்தவர்கள், கோயில் நடையில் கோடு கிழித்தவர்கள், பள்ளித் திண்ணைக்கு அப்பால் நிறுத்திப் பாடம் சொன்னவர்கள் எல்லாரும் சேர்ந்து வளர்த்த அச்சம் அது. பலகை போனது, கோடு அழிந்தது, அச்சம் மட்டும் பிள்ளைக்குப் பிள்ளை கைமாறி வருகிறது.

1947 ஆகஸ்டு 15இல் ஆல்டுவிச் மாளிகையின் உச்சியில் விடுதலை இந்தியாவின் கொடி ஏறியது. கட்டடம் அதே, கல் அதே, மாகாணச் சின்னங்களும் அதே. பீங்கான் தொழிலாளி அறிவான், அச்சு மாறாவிட்டால் எந்த மண்ணை வார்த்தாலும் அதே உருவந்தான் வரும் என்று. விடுதலை இந்தியாவின் முதல் உயர் ஆணையர் வி.கே. கிருஷ்ண மேனன். இலண்டனிலேயே பல்லாண்டு இந்தியா லீக் நடத்தி, விடுதலைக்கு ஆங்கிலேயரிடையே ஆதரவு திரட்டியவர்; செயின்ட் பாங்கிராஸ் நகரமன்றத்தின் உறுப்பினராக உழைத்தவர். அத்தகையவர் காலத்திலேயே, 1948இல், படைக்கு ஜீப் வண்டி வாங்கிய ஒப்பந்தம் புகாருக்குள்ளாயிற்று. ஒப்பந்தப்படி வண்டிகள் முழுதும் வரவில்லை; வந்தவை 155; அவையும் பயன்படா என்று பாராளுமன்றத்தில் முழங்கினார்கள். 1955இல் அரசு அவ்வழக்கை முடித்துக்கொண்டது. சரக்கு வாங்கும் அலுவலகமாகப் பிறந்த மாளிகை, மக்கள் இல்லமாக மாறக் கொடியொன்று ஏறினால் போதாது என்பதற்கு அது சான்று.

ஆனால் அச்சை மாற்றவே முடியாதென்று எண்ணிவிடவும் வேண்டா. அதே பேக்கர் இலண்டனில் கட்டிய மற்றொரு மாளிகை டிரபால்கர் சதுக்கத்துத் தென்னாப்பிரிக்க இல்லம், 1933இல் திறக்கப்பட்டது. நிறவெறி அரசின் முகமாக அது பல்லாண்டு நின்றது. மண்டேலாவை விடுவிக்கக் கோரி, 1986 ஏப்ரல் முதல் 1990வரை இரவும் பகலும், மழையிலும் பனியிலும் அம்மாளிகையின் முன் நடைபாதையில் மக்கள் மறியல் செய்தார்கள். 1994இல் மண்டேலா குடியரசுத் தலைவரானார். அந்த மாளிகை இடிக்கப்படவில்லை. அதன் கதவு யாருக்காகத் திறக்கவேண்டும் என்பதை, வெளியே நடைபாதையில் நின்றவர்கள் முடிவு செய்தார்கள்.

இனி, அந்தச் சிறுமியின் கதைக்கு வருகிறேன். அவள் ஏன் அப்படிக் கேட்டாள் என்பது சில நாளில் தெரிந்தது. அவள் தந்தை வளைகுடா நாடொன்றின் தலைநகரில் கட்டடத் தொழிலாளி. கடவுச்சீட்டு முதலாளியின் பெட்டியில். ஐந்து மாதமாகச் சம்பளம் இல்லை. வீட்டுக்குப் பேசுவதும் எப்போதோ ஒருமுறை. தாய் ஒருநாள் மாலை பள்ளிக்கு வந்தாள். கையில் கணவனின் கடவுச்சீட்டு நகல். நான்காக மடித்துக் கசங்கியிருந்தது. அன்றிரவே தூதரகத்துக்கு விரிவாக ஒரு மடல் எழுதினோம். நான் சொற்களைத் தேடினேன். தாய் நாளையும் தொகையையும் சொன்னாள். மகள் பெயர்களின் எழுத்தைச் சரிபார்த்தாள். சில வாரம் சென்றபின் தூதரகத்திலிருந்து தொலைபேசி வந்தது. மேலும் சில வாரத்தில், ஒருமுறைப் பயணத்துக்கான அவசரச் சான்றிதழோடு அவர் ஊர் திரும்பினார். சம்பளம் வரவில்லை, ஆள் வந்தார்.

வந்தவரிடம் பேசிக்கொண்டிருந்தபோது ஒன்று தெரிந்தது. அவர் வேலை செய்த இடத்திலிருந்து இந்தியத் தூதரகம் பேருந்தில் அரைமணித் தொலைவு. ஐந்து மாதமும் அவர் அங்கே போகவில்லை.

"ஏன் போகவில்லை?" என்றேன்.

"ரெண்டு தரம் போனேன் சார். எதிர்ப் பக்கம் நின்னு பாத்துட்டு வந்துட்டேன். கார்ல வர்றவங்கதான் உள்ள போனாங்க. நம்மள மாதிரி ஆளு போற எடமா அதுன்னு திரும்பிட்டேன்."

அவரை எவரும் விரட்டவில்லை. வாயிற்காவலர் வாய்திறந்து ஒரு சொல் சொல்லவில்லை. பாட்டனாரின் தம்பி கழற்றிவிட்ட செருப்பு என் நினைவுக்கு வந்தது. அவர் கழற்றிவிட்டாவது உள்ளே போனார். இவர் செருப்போடு வெளியிலேயே நின்றுவிட்டார். இடையிலே அரைநூற்றாண்டு. சட்டம் எத்தனையோ வந்துவிட்டது. வாசற்படி அப்படியே இருக்கிறது.

சட்டம் என்ன தந்திருக்கிறது என்பதையும் சொல்லவேண்டும். 2009இல் இந்திய அரசு, அயல்நாடுகளில் தவிக்கும் இந்தியருக்கென்று நல நிதி ஒன்றைத் தூதரகங்களில் ஏற்படுத்தியது. தங்க இடம், உணவு, வழக்காட உதவி, ஊர் திரும்பப் பயணச்சீட்டு, இறந்தால் உடலைத் தாயகம் அனுப்பும் செலவு ஆகியவற்றுக்கு அதிலிருந்து உதவலாம். அந்த நிதிக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? தூதரகங்களில் கடவுச்சீட்டுப் பணி முதலியவற்றுக்காகச் செல்வோர் செலுத்தும் கட்டணத்தோடு சேர்த்து வாங்கும் சிறு தொகையிலிருந்து. கொடையன்று, தோழர்களே, தொழிலாளியின் காசு தொழிலாளிக்கே திரும்புகிறது. தன் காசு இருக்கும் பெட்டியைத் திறக்கச் சொல்லிக் கேட்பவன் எதற்காகக் கூனிக் குறுகவேண்டும்?

ஆசிரியன் என்ற முறையில் என்னை உறுத்துவது இன்னொன்று. 1983ஆம் ஆண்டுக் குடிபெயர்வுச் சட்டத்தின் வழிவந்த முறைப்படி, பத்தாம் வகுப்புத் தேறாதவரின் கடவுச்சீட்டில், குறிப்பிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குச் செல்லுமுன் அரசின் குடிபெயர்வு அனுமதி தேவை என்ற குறி விழுகிறது. ஏமாற்றப்படக்கூடியவரைக் காக்க ஏற்பட்ட முறை அது. பாதுகாப்பு நல்லதே. ஆயினும், எங்கள் வகுப்பறையில் தோற்றுப்போன ஒரு தேர்வு, ஒரு மனிதனின் கடவுச்சீட்டில் ஏறி, கடல் கடந்தும் அவனோடு போகிறது என்பதை நினைக்கும்போது நெஞ்சு பதைக்கிறது. பத்தாம் வகுப்புக்குமுன் ஒரு பிள்ளை படிப்பை நிறுத்தினால், அவனுக்கு அன்றே ஒரு தகரச் சீட்டு அடித்தாகிவிட்டது. அதைத் தடுப்பது டில்லியின் வேலை மட்டுமன்று. எங்கள் தெருவின் வேலை.

ஆகவே இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள். நாம் மேடையில் மூடப்பழக்கத்தைச் சாடுகிறோம்; சாதியைச் சாடுகிறோம்; நன்று. பெரிய கட்டடத்தைக் கண்டால் கைகட்டி நிற்பதும் ஒரு மூடப்பழக்கமே. அதற்கும் ஒரு மந்திரம் உண்டு. "அது பெரியவங்க எடம்" என்பது. அந்த மந்திரத்தை முறிக்கும் வேலையை மன்றங்களும் படிப்பகங்களும் ஏற்கவேண்டும். வெளிநாடு செல்லும் ஒவ்வொருவரையும் படிப்பகத்துக்கு அழையுங்கள். வேலை ஒப்பந்தத்தைத் தமிழில் படித்துச் சொல்லுங்கள். கடவுச்சீட்டின் நகல் ஒன்றை வீட்டில் வைக்கச் சொல்லுங்கள். செல்லும் நாட்டில் நம் தூதரகம் எந்த வீதியில் இருக்கிறது, தொலைபேசி எண் யாது என்று எழுதிக் கையில் கொடுங்கள். வட்டாட்சியர் அலுவலகமானாலும், வங்கியானாலும், காவல் நிலையமானாலும், உங்கள் தாய் தந்தையரோடு ஒருமுறை உடன்சென்று, நாற்காலி காட்டி உட்காரச் சொல்லுங்கள். உள்ளூர் வாசற்படியில் கால் வைத்துப் பழகியவனே ஆல்டுவிச்சிலும் வைப்பான்.

மாளிகைகளை எழுப்பியவர்கள் போய்விட்டார்கள். திறந்துவைத்த மன்னர்களும் போய்விட்டார்கள். கல் நிற்கிறது. அந்தக் கல்லுக்கு விலை கொடுத்தவன் பேரன் விமானமேறப் பெண்ணாடத்து இரயிலடியில் பெட்டியோடு காத்திருக்கிறான். வழியனுப்பப் போகும் தோழனே, மாலையும் சால்வையும் இருக்கட்டும்; அவன் காதில் இதைச் சொல்லி அனுப்பு: எந்தத் தலைநகரில் இருந்தாலும் அது உன் காசில் நிற்கும் வீடு. கழற்றாதே செருப்பை. நிமிர்ந்து உள்ளே போ.